மணலில் எழுதியவர்கள்: ஊழியத் தலைமையும் ஆசிரியரின் தன்னம்பிக்கையும்

1706ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 9ஆம் நாள் தரங்கம்பாடிக் கரையில் இறங்கிய பார்த்தலோமேயு சீகன்பால்குவுக்கு அப்பொழுது வயது 24 நிறைவதற்கு ஒரு நாளே குறைவு. அவரும் அவருடைய துணைவரான ஹென்றி புளூட்சோவும் டென்மார்க்கு அரசரின் ஆணையோடு வந்தவர்கள். ஆயினும் கோட்டைக்குள் அவர்களை வரவேற்பார் இல்லை. தமிழ் கற்பிக்க நூலும் இல்லை. ஐரோப்பியருள் அதை அறிந்து கற்பிப்பாரும் இல்லை. இந்நிலையில் சீகன்பால்கு செய்தது நாம் அனைவரும் அறிந்ததே. முதியவரான ஒரு தமிழ்ப் பள்ளியாசிரியரைத் தம் பள்ளியைத் தங்கள் வீட்டிலேயே நடத்துமாறு வேண்டி, அங்கே வந்த சிறுவரோடு சிறுவராகத் தரையில் அமர்ந்து, மணலில் விரலால் எழுத்துகளை எழுதிக் கற்றார்.

இந்நிகழ்ச்சியை நாம் மறைபரப்பு வரலாற்று வகுப்புகளில் சொல்லி வருகிறோம். பெரும்பாலும் ஒரு மொழியறிஞரின் விடாமுயற்சிக்குச் சான்றாகவே சொல்லுகிறோம். அதே மணற்பரப்பை மற்றொரு கோணத்திலிருந்து, அதாவது அங்கே கற்பித்துக்கொண்டிருந்த அந்த முதியவரின் பக்கத்திலிருந்து நோக்குவதே இக்கட்டுரையின் கருத்து. அவருடைய பெயரை நம் வரலாற்று நூல்களுள் பல எடுத்துரைப்பதில்லை. கோட்டையில் வாழும் வெள்ளையர் ஒருவர் தம் முன்னால் தரையில் உட்கார்ந்து, தாம் திருத்தும்வரை விரலை எடுக்காமல் காத்திருந்தபோது, அந்த ஆசிரியரின் உள்ளத்தில் தம் தொழிலைப்பற்றிய மதிப்பு எவ்வாறு இருந்திருக்கும்? இக்கேள்வி நம் பள்ளிகளின் தாளாளர்களாகப் பணியாற்றும் ஆயர்களுக்கும், நாளை அப்பொறுப்பை ஏற்கவிருக்கும் இறையியல் மாணவர்களுக்கும் புறம்பான கேள்வியன்று.

‘ஊழியத் தலைமை’ என்ற தொடர் இன்று கல்வியியல் நூல்களிலும் நிருவாகவியல் நூல்களிலும் பெருவழக்காகிவிட்டது. அத்தொடருக்கு உருக்கொடுத்தவர் இராபர்ட் கிரீன்லீஃப் என்னும் அமெரிக்கர். இவர் குவேக்கர் சபையைச் சேர்ந்தவர். மாபெரும் தொலைபேசி நிறுவனமொன்றில் நீண்டகாலம் பணியாற்றி 1964இல் ஓய்வுபெற்றவர். 1970இல் தாம் எழுதிய கட்டுரையில், ஒருவர் முதலில் ஊழியராயிருக்க விரும்புகிறார், பின்னரே தலைமை அவரை வந்தடைகிறது என்னும் கருத்தை முன்வைத்தார். இக்கருத்து தமக்கு ஹெர்மன் ஹெஸ்ஸேயின் கதையொன்றில் வரும் லியோ என்ற பணியாளின் வாயிலாகக் கிட்டியதென்றும் கூறினார். நற்செய்தி நூல்களை அறிந்த நமக்கு இதில் புதுமை குறைவாகத் தோன்றலாம். மாற்கு 10ஆம் அதிகாரமும் யோவான் 13ஆம் அதிகாரமும் நம் கையில் உள்ளனவே என்று சொல்லிக்கொள்வோம். உள்ளன என்பது மெய். ஆனால் ‘ஊழியன்’ என்ற சொல்லுக்கு நம்மிடையே நேர்ந்ததைச் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். அடிமைப் பணியைக் குறித்த அச்சொல் இன்று மேடையில் முதல் நாற்காலியையும், சால்வையையும், சுவரொட்டியில் பெரிய எழுத்தையும் குறிக்கும் சொல்லாயிற்று. கிரீன்லீஃப் வேறொரு துறையிலிருந்து எடுத்துக்காட்ட வேண்டியிருந்ததற்கு நாமும் ஒரு காரணம் எனலாம்.

சீகன்பால்கு எங்கிருந்து வந்தார் என்பதையும் நோக்க வேண்டும். ஹாலே நகரில் ஆகஸ்ட் ஹெர்மன் பிராங்கே 1695இல் ஏழைச் சிறுவருக்கென ஒரு பள்ளியைத் தொடங்கினார். வறிய இறையியல் மாணவர்கள் அங்கே கற்பித்தனர். அதற்கு ஈடாக அவர்களுக்கு உணவு வழங்கப்பட்டது. 1696இலேயே கற்பிப்போரைப் பயிற்றுவிப்பதற்கெனத் தனி அமைப்பொன்றையும் பிராங்கே ஏற்படுத்தினார். ஆசிரியரென்பவர் ஊதியத்துக்குக் கிடைக்கும் கையாள் அல்லர், பயிற்றப்படவும் பேணப்படவும் வேண்டியவர் என்ற எண்ணம் அங்கே வேரூன்றியிருந்தது. தரங்கம்பாடியில் 1716இல் தமிழ் இளைஞரை ஆசிரியராகவும் உபதேசியாராகவும் உருவாக்கும் பயிற்சிப் பள்ளி தோன்றியதை இவ்வேரினின்று பிரித்துப் பார்க்க இயலாது.

சீகன்பால்குவை நாம் மிகைப்படுத்தவும் வேண்டாம். அவர் முன்கோபி; ஆளுநருடன் மோதிச் சிறையிலும் இருந்தவர். தரையில் அமரும்படி அவரைச் செய்தது தாழ்மை மட்டுமன்று, தேவையும்கூட. மொழி வேண்டும், மொழி அந்த முதியவரிடம் இருந்தது. எனினும் தேவையின் பொருட்டு அமர்ந்தவர், தேவை முடிந்தபின் ஏளனத்தோடு எழவில்லை என்பதே நமக்கு முக்கியம். 1708இல் தாம் திரட்டிய தமிழ்ச் சுவடிகளின் பட்டியலை ஆயத்தப்படுத்தியபோது, இம்மண்ணின் கல்வியை அறியாத ஐரோப்பியருக்கு அதை மதிப்புடன் எடுத்துரைத்தார்.

எண்பது ஆண்டுகளுக்குப் பின்னர் அதே மணல் மற்றொரு குருவானவரின் கண்ணில் பட்டது.

அந்திரேயா பெல் ஸ்காட்லாந்தின் செயின்ட் ஆண்ட்ரூஸ் நகரில் 1753இல் பிறந்தவர், ஆங்கிலிக்கன் குருவானவர். 1787இல் சென்னைக்கு வந்த இவர், 1789இல் எழும்பூரில் அமைந்த ஆண் அநாதைப் பிள்ளைகள் காப்பகத்தின் மேற்பார்வையாளரானார். ஐரோப்பியப் படைவீரர்களுக்கு இந்தியத் தாய்மாரிடம் பிறந்த பிள்ளைகளே அங்கு மிகுதி. பெல்லின் நற்பண்புகளை மறைப்பது நேர்மையாகாது. இப்பொறுப்புக்குரிய ஊதியத்தை அவர் ஏற்க மறுத்துவிட்டார். புறக்கணிக்கப்பட்ட அப்பிள்ளைகளிடம் மெய்யான பரிவு கொண்டிருந்தார். கொடிய தண்டனைகளை ஒழித்து, தவறு செய்த மாணவனை அவனுடைய தோழர்களே விசாரிக்கும் முறையைக் கொண்டுவந்தார். பிள்ளைகளைப் பொறுத்தவரை அவர் ஊழியரே.

ஒரு காலையில் குதிரையேறிச் செல்கையில், உள்ளூர்ப் பள்ளியொன்றின் சிறுவர்கள் தரையில் அமர்ந்து மணலில் எழுதுவதை அவர் கண்டார். இதுவே தம் பள்ளிக்கும் ஏற்ற முறையென்று உடனே உணர்ந்து திரும்பி வந்து, கடைநிலை வகுப்பை நடத்திய உதவி ஆசிரியரிடம் இம்முறையைக் கைக்கொள்ளுமாறு ஆணையிட்டார். ஆசிரியர் இணங்கவில்லை, இவ்வாறு கற்பிக்க இயலாது என்றார். பெல் மீண்டும் வற்புறுத்தியும் பயன் விளையவில்லை. அப்பொழுது ஜான் பிரிஸ்கன் என்னும் எட்டு வயதுச் சிறுவனைத் தெரிந்தெடுத்து, அந்த வகுப்பை அவனிடமே ஒப்படைத்தார். சிறுவன் வெற்றி பெற்றான். பின்னர் மற்ற வகுப்புகளிலும் சிறுவர் சிறுவருக்குக் கற்பிக்கும் முறை பரவியது. 1796இல் சென்னையை விட்டகன்ற பெல், மறு ஆண்டே இலண்டனில் இச்சோதனையைப்பற்றி நூல் வெளியிட்டார். ‘சென்னை முறை’ என்ற பெயர் உலகெங்கும் வழங்கலாயிற்று. 1811இல் இங்கிலாந்துத் திருச்சபை பள்ளிகளுக்கென நிறுவிய தேசியச் சங்கம் இம்முறையையே தழுவியது. பெல் 1832இல் மறைந்தபோது வெஸ்ட்மின்ஸ்டர் ஆலயத்தில் அடக்கம் செய்யப்பட்டார்.

இவ்வரலாற்றை வழக்கமாகப் பெல்லின் பக்கமிருந்தோ பிரிஸ்கனின் பக்கமிருந்தோ சொல்லுவர். மறுத்த அந்த ஆசிரியரை மூடப் பிடிவாதக்காரர் என்று தள்ளிவிடுவதும் வழக்கம். நாம் அவரோடு சற்று நிற்க விரும்புகிறோம். அவர் ஏன் இயலாதென்றார்? அவர் மணலில் கற்றவராக இல்லாதிருக்கலாம். அம்முறையில் எவரும் கற்பித்ததைப் பார்த்திராமலும் இருக்கலாம். பார்த்தவர் பெல். அவரும் குதிரைமேலிருந்து கடந்துசெல்லும்போது பார்த்தார். அந்த ஆசிரியரை அழைத்துக்கொண்டுபோய், அதே பள்ளியின் தரையில் இருவருமாக ஒரு காலை முழுதும் அமர்ந்திருந்தால் என்னவாயிருக்கும்? இதற்கு வரலாறு விடையளிக்காது. ஆனால் நடந்தது இது: தம்மால் இயலாதென்று அஞ்சிய ஒருவரின் முன்பாகவே, எட்டு வயதுப் பிள்ளையால் இயலுமென்று காட்டப்பட்டது. ஓர் ஆசிரியரின் நம்பிக்கையைக் குலைப்பதற்கு இதைவிட உறுதியான வழியை நாம் அறியோம்.

‘நம் திண்ணைப் பள்ளிகளிலும் சட்டாம்பிள்ளை இருந்தானே, பெல் அதைத்தானே எடுத்துக்கொண்டார்’ என்று வாசகர் கேட்கலாம். இருந்தான். பெல் எவ்வளவு எடுத்துக்கொண்டார், எவ்வளவு தாமே கண்டார் என்பது நெடுங்காலமாக வழக்காடப்படும் செய்தி. ஆனால் திண்ணைப் பள்ளியில் சட்டாம்பிள்ளை வாத்தியாரின் கையாகவே இருந்தான்; பாடம் வாத்தியாருடையது, பள்ளியும் அவருடையது. பெல்லின் முறையிலோ அறிவு ஏற்பாட்டுக்குள் சென்றுவிட்டது. ஏற்பாட்டை எவரும் ஓட்டலாம், ஆசிரியர் அதன் காவலராக நின்றால் போதும் என்றாயிற்று. ஓர் ஆசிரியரைக்கொண்டு நூற்றுக்கணக்கான பிள்ளைகளை நடத்திச் செலவைக் குறைக்கலாம் என்பதே இங்கிலாந்தில் பலரைக் கவர்ந்தது. விளைவு சில பத்தாண்டுகளில் தெரிந்தது. பிள்ளைகள் பொருளறியாமல் ஒப்பித்தனர். ஆசிரியத் தொழில் மெலிந்தது. 1846இல் அந்நாட்டரசு முறையை மாற்றி, 13 வயது நிரம்பிய மாணவரை ஐந்தாண்டுக்காலம் தலைமையாசிரியரின்கீழ்ப் பழகுநராக அமர்த்தும் திட்டத்தைக் கொண்டுவர நேர்ந்தது. 1862இல் மீண்டும் வழி தவறி, கண்காணிப்பாளர் நடத்தும் தேர்வில் பிள்ளைகள் பெறும் வெற்றியைக்கொண்டே மானியம் என்று விதித்தது. இது வேறொரு நெடுங்கதை.

நம் மாகாணத்திலோ, 1822இல் ஆளுநர் தாமஸ் மன்றோ பள்ளிகளைக் கணக்கெடுக்கக் கட்டளையிட்டார். 1826இல் திரண்ட கணக்கின்படி 12,498 பள்ளிகளில் 1,88,650 மாணவர் பயின்றனர். அப்பள்ளிகளின் ஆசிரியர் பொதுவாக மாதம் ஆறேழு ரூபாய்க்குமேல் ஈட்டுவதில்லை என்றும், தகுதியுடையோரை அத்தொழிலுக்கு ஈர்க்க இது போதாதென்றும் மன்றோ எழுதினார். ஒரு போர்வீரராகிய ஆளுநர் கண்ட இவ்வுண்மையைக் குருவானவராகிய பெல் காணாமற்போனது வியப்பே. ஆசிரியரின் தன்னம்பிக்கையைப்பற்றிப் பேசுகிற நாம் அவருடைய ஊதியத்தைப்பற்றிப் பேசாதிருப்போமானால், கால் கழுவிய பின்பு பசியோடு அனுப்பிவிடுபவர்களாவோம்.

இனி இக்காலத்தார் கூறுவதைச் சுருங்க நோக்குவோம். 1976இல் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரப் பள்ளிகளில் வாசிப்புத் திட்டங்களை ஆராய்ந்த ஒரு குழு, ஆசிரியர்களிடம் இரு எளிய கேள்விகளையும் சேர்த்துக் கேட்டது. கடினமான மாணவரிடத்தும் தம் முயற்சி பலன்தரும் என்று நம்பிய ஆசிரியரின் மாணவர் வாசிப்பில் மிகுதியாக முன்னேறியிருந்ததை அக்குழு கண்டது. மறு ஆண்டு ஆல்பர்ட் பண்டூரா என்னும் உளவியலறிஞர், ஒரு செயலைத் தம்மால் செய்யவியலும் என்ற நம்பிக்கை எங்கிருந்து பிறக்கிறது என்பதை விளக்கினார். தாமே செய்து வெற்றிபெறுதல் முதன்மையான ஊற்று. தம்மையொத்த ஒருவர் செய்வதைக் காணுதல் மற்றொன்று. பிறர் சொல்லும் ஊக்கச் சொல்லும் உண்டு, ஆயின் அதன் வலிமை குறைவே. அச்சமும் படபடப்பும் இன்றியிருக்கும் உடல் உள்ள நிலையும் இவற்றோடு சேரும்.

இவற்றை எழும்பூர்க் காப்பகத்தோடு ஒப்பிட்டுப் பார்த்தல் தகும். தாமே செய்து வெல்லும் வாய்ப்பு அந்த ஆசிரியரிடமிருந்து எடுக்கப்பட்டது. தம்மையொத்தவர் செய்வதை அவர் காணவில்லை. ஒரு குழந்தை செய்வதைக் கண்டார். அவருக்குக் கிடைத்த சொல் ஆணை. அவருடைய உள்ளநிலையை யாரும் கேட்கவில்லை. நம் மறைமாவட்டங்களில் ஆசிரியர் கூட்டங்களுக்கு நாம் சென்று ஆற்றும் உரைகள் மூன்றாம் ஊற்றை மட்டுமே தொடுகின்றன என்பதும், அதுவே வலிமை குறைந்தது என்பதும் நமக்குக் கசப்பான செய்தியே.

ஒரு எச்சரிக்கையும் தேவை. ஊழியத் தலைமை உள்ள பள்ளியில் ஆசிரியரின் தன்னம்பிக்கை உயர்ந்திருக்கிறது என்று அண்மைக்காலத்து ஆய்வுகள் பல கூறுகின்றன. அவற்றுள் மிகுதியானவை ஒரே ஆசிரியரிடம் தலைமையாசிரியரைப்பற்றியும் தம்மைப்பற்றியும் ஒரே நேரத்தில் கேட்டறிந்தவை. தன்னம்பிக்கையுள்ள ஆசிரியர் தம் தலைவரையும் நல்லவராகக் காணக்கூடும். ஆகவே எது காரணம், எது விளைவு என்று இவற்றைக்கொண்டு அறுதியிட்டுக் கூறலாகாது. வரலாறும் அறுதியிடாது. ஆனால் எவ்வழியாக ஒன்று மற்றொன்றைத் தொடுகிறது என்பதை அது காட்டும்.

அவ்வாறு காட்டுகிற மற்றொரு வரலாறு தஞ்சையில் உள்ளது. கிறிஸ்தியான் பிரெடரிக் சுவார்ட்ஸ் பாளையங்கோட்டையில் கண்ட சிறுவன் வேதநாயகத்தைத் தஞ்சைக்கு அழைத்துவந்து தம்மோடு வைத்து வளர்த்தார். தரங்கம்பாடிக்கும் அனுப்பிக் கற்பித்தார். ஏறத்தாழ இருபது வயதில் அவ்விளைஞர் தஞ்சைப் பள்ளியின் பொறுப்பை ஏற்றார். தம் பணியாளரை நாள்தோறும் கூட்டி, அவர்கள் கண்டதையும் கேட்டதையும் செவிமடுப்பது சுவார்ட்ஸின் வழக்கம். அதன் பலனை நாம் அறிவோம். வேதநாயக சாஸ்திரியார் வானவியல், கணிதம், இறையியல் கற்பித்தார். பெத்லகேம் குறவஞ்சி முதலான பல நூல்களை இயற்றினார். பிற்கால மிஷனெரிமார் வேதமொழிபெயர்ப்பிலும் வழிபாட்டு வழக்கங்களிலும் மாற்றம் புகுத்தியபோது, எவருக்கும் அஞ்சாமல் எதிர்த்து எழுதினார்.

அவ்வெதிர்ப்பில் சாதி முறையைக் காக்கும் வாதமும் இருந்தது என்பதை நாம் மறைக்கலாகாது. ஒரே பாத்திரத்தினின்று அருந்தவும் ஒன்றாக அமரவும் மறுத்ததை நியாயப்படுத்திய அவ்வாதத்தில் அவர் தவறினார். அவரைத் திருத்த முயன்றவர்கள் இவ்விஷயத்தில் சரியாகவே கண்டனர். ஆகவே தலைவர் தரும் நம்பிக்கை ஆசிரியரை நல்லவராக்கிவிடும் என்று எளிதாகச் சொல்ல இயலாது. அது அவருக்குக் குரலைத் தருகிறது. அக்குரல் சில வேளை நமக்கு எதிராகவும், ஏன், நற்செய்திக்கே எதிராகவும் எழக்கூடும். அவ்வச்சத்தினாலேயே நம்மில் பலர் ஆசிரியருக்குக் குரலைத் தராமலிருக்கிறோமோ என்பது நம் ஐயம். யோவான் 13இல் கால்களைக் கழுவியவர் தாம் போதகர் என்பதை விட்டுக்கொடுக்கவில்லை. மறுத்துப் பேசிய பேதுருவின் வாயையும் அடைக்கவில்லை, அவனோடு உரையாடினார்.

நம் சொந்தக் குறையொன்றையும் இங்கே சொல்லியாக வேண்டும். ஏறத்தாழ இருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன்னர், குருப்பட்டம் பெற்ற புதிதில், ஒரு கிராமத்துச் சேகரத்தில் நாம் தாளாளராகவும் இருந்தோம். ஈராசிரியர் பள்ளி அது. ஒருநாள் முன்னறிவிப்பின்றிச் சபை மூப்பர் ஒருவரோடு வகுப்புக்குள் நுழைந்தோம். ஆசிரியை வகுத்தல் கணக்கைப் புளியங்கொட்டைகளை வைத்துத் தரையில் நடத்திக்கொண்டிருந்தார். இது விளையாட்டாகத் தோன்றவே, அவர் கையிலிருந்த சாக்பீஸை வாங்கி நாமே கரும்பலகையில் நடத்திக் காட்டினோம். பிள்ளைகள் கைதட்டினார்கள். மூப்பர் நம்மைப் பாராட்டினார். அந்நாளுக்குப் பின்னர் நாம் எப்பொழுது அவ்வகுப்புக்குச் சென்றாலும், அந்த ஆசிரியை பாடத்தை நிறுத்தி, சாக்பீஸை நம்மிடம் நீட்டிவிட்டுச் சுவரோரமாய் ஒதுங்கி நிற்பார். அதை மரியாதை என்றே நாம் எண்ணியிருந்தோம். புளியங்கொட்டைகளை மீண்டும் நாம் அங்கே காணவில்லை. நாம் இடமாற்றம் பெற்றுச் செல்லும்வரை இது நீடித்தது. பெல்லின் வரலாற்றை முதன்முதலில் முழுமையாகப் படித்த இரவில்தான் அது மரியாதையன்று என்பது நமக்கு விளங்கியது.

நம் திருச்சபைகளில் தாளாளர் என்னும் பொறுப்பு ஆயருக்கு அவருடைய பணித்தலத்தோடு சேர்ந்தே வருகிறது. அவர் கல்வியியல் படித்திருக்க வேண்டுமென்ற நியதி இல்லை. ஆயினும் வகுப்பறையில் அவருடைய சொல்லுக்கு மறுசொல் இல்லை. இதை மாற்றும் சட்டத் திருத்தங்களைப்பற்றிப் பேரவைகளில் பேசலாம்; பேசவும் வேண்டும். அதுவரை நம்மால் இயன்ற சிறியதொன்றைச் செய்து பார்த்தோம். இறுதியாண்டு மாணவர் சிலரை ஒரு தொடக்கப் பள்ளிக்கு அனுப்பி, ஐந்து நாள்கள் பின்வரிசையில் பிள்ளைகளோடு அமர்ந்திருக்க மட்டும் சொன்னோம். ஜெபம் நடத்தக்கூடாது, கதை சொல்லக்கூடாது, பாடம் எடுக்கக்கூடாது. ஒரு மாணவர் முதல் நாள் நண்பகலுக்குள்ளாகவே எழுந்து முன்னால் போய்விட்டார். அவரைக் கடிந்துகொள்ள நமக்குத் தகுதி இல்லை. மற்றவர்கள் அமர்ந்திருந்தார்கள். முதல் இரு நாள்களும் ஆசிரியைகள் மிகவும் கூச்சப்பட்டதாகவும், ஒருவர் குரல்கூடச் சரியாக எழும்பாமல் நடத்தியதாகவும் எழுதித் தந்தார்கள்.

ஐந்தாம் நாள் மாலை மணி அடித்த பின்பு, அந்த ஆசிரியையே நம் மாணவர் ஒருவரிடம் வந்து, “தம்பி, நீங்க பின்னால பிள்ளைங்களோட உட்கார்ந்திருந்தீங்களே, அந்தக் கழித்தல் கணக்கு கடைசி வரிசைக்கு விளங்குச்சா?” என்று கேட்டிருக்கிறார். அவர், “விளங்கலீங்க டீச்சர்” என்றாராம். “நானும் அப்படித்தான் நினைச்சேன். திங்கட்கிழமை வேற மாதிரி சொல்லிப் பார்க்கிறேன்” என்று சொல்லிவிட்டு, அவர் கரும்பலகையைத் துடைக்கச் சென்றாராம்.